முதல் ராக்கெட் புறப்படும் முன் எங்கள் காற்றை அளந்து வையுங்கள்

இஸ்ரோ தலைவர் அவர்களுக்கும், தனியார் ராக்கெட்டுக்கு அனுமதி தரும் அரசு அமைப்பான இன்-ஸ்பேஸின் தலைவர் அவர்களுக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். உடன்குடிக்குப் பக்கத்தில் ஒரு சிறு கிராமத்திலிருந்து எழுதுகிறேன். 32 ஆண்டுகள் பள்ளியில் அறிவியல் நடத்தி ஓய்வு பெற்றவன். என் அப்பா பனையேறி. தேரிக்காட்டுச் செம்மண்ணில் விளையாடி, பதநீர் குடித்து வளர்ந்தவன் நான். என் வீட்டு மொட்டை மாடியிலிருந்து பார்த்தால் குலசை என்று நாங்கள் சொல்லும் குலசேகரன்பட்டினத்துக் கடற்கரைப் பக்கம் வானம் திறந்து கிடக்கும். 2024 பிப்ரவரி 28 அன்று அங்கே, ஸ்ரீஹரிகோட்டாவுக்கு அடுத்தபடியாக, இஸ்ரோவின் இரண்டாவது ராக்கெட் ஏவுதளத்துக்கு அடிக்கல் நாட்டினார்கள். அன்றைக்கே ஒரு சிறிய ரோகிணி ராக்கெட்டும் இங்கிருந்து பறந்தது. மாடியில் பேரனைத் தூக்கி வைத்துக்கொண்டு காத்திருந்தேன். 1980-இல் எஸ்.எல்.வி.-3 ராக்கெட் ரோகிணி செயற்கைக்கோளை ஏற்றிய செய்தியை வானொலியில் கேட்ட பையன் நான். அதே பெயர் என் ஊர் வானத்தில் ஏறியபோது கண்ணில் நீர் வந்துவிட்டது.

இதை முதலிலேயே சொல்லக் காரணம் இருக்கிறது. இது ஏவுதளம் வேண்டாம் என்று எழுதும் மடல் அல்ல. ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து துருவப் பாதைக்கு, அதாவது பூமியின் இரு துருவங்கள் வழியே சுற்றும் பாதைக்கு, செல்லும் ராக்கெட் இலங்கையின் மேல் பறக்கக் கூடாது என்பதற்காக வளைந்து போகிறது. அந்த வளைவில் எரிபொருள் வீணாகிறது. பெரிய ராக்கெட் அதைத் தாங்கிக்கொள்ளும். சிறு செயற்கைக்கோள்களை ஏற்றும் எஸ்.எஸ்.எல்.வி. போன்ற சிறிய ராக்கெட் சுமையில் பெரும்பங்கை இழந்துவிடும். குலசையிலிருந்து தெற்கே நேராக விட்டால் கீழே வெறும் கடல்தான். அதே எரிபொருளில் அதிகச் சுமை ஏறும். சுற்றுச்சூழலைப் பற்றிப் பேச வந்தவன் இந்த நன்மையையும் சொல்லத்தான் வேண்டும்.

அப்புறம், 2017-இல் ஒக்கிப் புயல் வந்தபோது ஆழ்கடலில் இருந்தவர்களுக்குச் செய்தி சொல்ல வழியில்லாமல் போனதை இந்தக் கரையில் யாரும் மறக்கவில்லை. அதன் பிறகுதான் செயற்கைக்கோள் வழியே படகுக்கு எச்சரிக்கை அனுப்பும் கருவிகள் பரவலாக வரத் தொடங்கின. மீன் எங்கே கூடும் என்று சொல்லும் தகவலும் உங்கள் செயற்கைக்கோள் பார்த்துச் சொல்வதுதான். ராக்கெட் எங்களுக்கு அந்நியமான பொருள் அல்ல.

நான் கேட்க வந்தது ஒன்றே ஒன்று. இங்கிருந்து முதல் எஸ்.எஸ்.எல்.வி. புறப்படும் முன், எங்கள் காற்று, மழை, கிணறு, மண், பதநீர் இவை இன்றைக்கு எப்படி இருக்கின்றன என்று ஓர் ஆண்டு முழுக்க அளந்து, அந்த எண்களை எல்லோரும் பார்க்கும்படி வையுங்கள். அதன் பிறகு ஒவ்வொரு ஏவுதலுக்கும், கீழே என்ன விழுந்தது, மேலே என்ன விட்டோம் என்ற கணக்கையும் அதே இடத்தில் எழுதுங்கள். இது ஏன் இவ்வளவு முக்கியம் என்பதைத்தான் இனி சொல்லப் போகிறேன். கொஞ்சம் நீளும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் கரியமில வாயுவைப் பேசி முடித்துவிடலாம், ஏனென்றால் எல்லோரும் அதைத்தான் கேட்கிறார்கள். எஸ்.எஸ்.எல்.வி.யின் மூன்று அடுக்குகளிலும் இருப்பது திட எரிபொருள். முதல் அடுக்கில் 87 டன், இரண்டாவதில் 7.7, மூன்றாவதில் 4.5, மொத்தம் 99 டன்னைத் தொடும். இந்த வகை எரிபொருளில் வழக்கமாக ஏழில் ஒரு பங்குதான் கரிமம் உள்ள ரப்பர் போன்ற பிசின். அது முழுக்க எரிந்து கடைசியில் கரியமில வாயு ஆனாலும், என் கணக்குப்படி ஓர் ஏவுதலுக்கு 40 டன்னைச் சுற்றித்தான் வரும். குலசையிலிருந்து கூப்பிடு தூரத்தில், உடன்குடி கல்லாமொழியில் 1,320 மெகாவாட் அனல் மின் நிலையம் எழுந்திருக்கிறது. அது முழுத்திறனில் ஓடினால் மணிக்கு ஆயிரம் டன்னுக்கு மேல் கரியமில வாயு வெளிவரும். ராக்கெட்டின் 40 டன்னை அது இரண்டு மூன்று நிமிடத்தில் விட்டுவிடும்.

உண்மையில் எரிபொருளை எரிப்பதைவிட அதைச் செய்வதில்தான் அதிகக் கரியமில வாயு வெளியாகிறது. அந்த 99 டன்னில் சுமார் 18 டன் அலுமினியத் தூள். ஒரு கிலோ அலுமினியம் எடுக்க 14, 15 யூனிட் மின்சாரம் வேண்டும். அப்படியானால் ஒரு ராக்கெட்டுக்கு இரண்டரை லட்சம் யூனிட். நிலக்கரி மின்சாரம் என்றால் அதிலேயே 200 டன் தாண்டிவிடும். இதையும் கணக்கில் எழுத வேண்டும் என்பேன். ஆனால் என் கவலையின் மையம் இதுவல்ல.

ராக்கெட் புறப்படும்போது பார்க்கிறோமே, பஞ்சுப் பொதி போல வெள்ளைப் புகை, அந்த வெண்மை பெரும்பாலும் அலுமினியம் ஆக்சைடு. ஓர் எஸ்.எஸ்.எல்.வி. பறந்து முடிக்கும்போது அது 30 டன்னுக்கு மேல் இருக்கும். எரிபொருளில் மூன்றில் இரண்டு பங்கு அம்மோனியம் பெர்குளோரேட். அதிலிருக்கும் குளோரின், ஹைட்ரஜன் குளோரைடாக வெளியே வருகிறது. அது ஏறக்குறைய 20 டன். ஈரத்தைத் தொட்டால் அதுதான் ஹைட்ரோகுளோரிக் அமிலம். பள்ளி ஆய்வகத்தில் மூடியைத் திறக்கும்போது பிள்ளைகள் மூக்கைப் பொத்திக்கொள்வார்களே, அதே அமிலம். முதல் அடுக்கு சுமார் ஒன்றரை நிமிடம் எரிகிறது. வினாடிக்கு ஒரு டன் என்று வைத்துக்கொண்டால், தரைக்கு அருகில் இருக்கும் முதல் பத்து வினாடியில் 2 டன் அமில வாயு கீழேயே தங்கும். மிச்சமெல்லாம் மேலே போகும் வழியில் பரவும்.

இரண்டு டன் என்பது ஊரை அழிக்கும் அளவு அல்ல. பயமுறுத்த நான் எழுதவில்லை. அமெரிக்காவின் ஸ்பேஸ் ஷட்டிலில் இரண்டு பக்கமும் இருந்த திட ராக்கெட்டுகளில் ஒவ்வொன்றிலும் சுமார் 500 டன் எரிபொருள். 1981 முதல் 2011 வரை 135 முறை அது பறந்தது. ஏவுதளத்தை ஒட்டிய ஆழமில்லாத உப்பங்கழியில் மீன்கள் செத்து மிதந்ததையும், அமிலம் படிந்த இடத்தில் மென்மையான செடிகள் காணாமல் போனதையும் அங்கே பதிவு செய்து வைத்திருக்கிறார்கள். பாதிப்பு பெரும்பாலும் ஏவுதளத்தைச் சுற்றிய சிறு பரப்புக்குள்தான். நம்முடையது அதில் ஒரு சிறு பங்கு. ஆனால் இவ்வளவு துல்லியமாக நமக்கு அது தெரிவது எப்படி? அவர்கள் முன்னும் பின்னும் அளந்தார்கள், வெளியிட்டார்கள். அதனால் தெரிகிறது.

இப்போது எங்கள் மண்ணுக்கு வருகிறேன். இங்கே அளப்பதில் ஒரு சிக்கல் இருக்கிறது, அதை உங்கள் விஞ்ஞானிகள் நான் சொல்வதற்கு முன்பே புரிந்துகொள்வார்கள். இது கடற்கரை. அலைத்துளி பறந்து வந்து எங்கள் கூரையிலும் மரத்திலும் குளோரைடு ஏற்கெனவே படிந்துகொண்டுதான் இருக்கிறது. எந்த மண்ணிலும் இருப்பதுபோல் எங்கள் மண்ணிலும் அலுமினியம் உண்டு. நாளைக்கு ஒரு கிணற்றில் குளோரைடு கூடினால் அது கடலால் வந்ததா, ராக்கெட்டால் வந்ததா என்று யாராலும் சொல்ல முடியாது. ஒரு பக்கம் வதந்தி பரவும், மறுபக்கம் மறுப்பு அறிக்கை வரும். இரண்டையும் நம்ப வழியிருக்காது. முதல் ராக்கெட்டுக்கு முந்தைய எண் கையில் இருந்தால் மட்டும்தான் பிந்தைய எண்ணுக்குப் பொருள் உண்டு. அந்தக் காலம் நமக்கு இப்போது இருக்கிறது. முதல் ஏவுதல் நடந்த மறுநாள் அது இருக்காது. அதற்குப் பிறகு எவ்வளவு பணம் செலவழித்தாலும் அந்த எண்ணைத் திரும்ப வாங்க முடியாது.

இதை நான் அனுபவத்தில் கற்றேன். பணியின் நடுப்பகுதியில் வேறோர் ஊரில் வேலை பார்த்தேன். பள்ளிக்கு அருகே ஓர் ஆலை வந்தது. சில ஆண்டுகளில் கிணற்றுத் தண்ணீரின் ருசி மாறிவிட்டது என்று ஊரே சொன்னது. பிள்ளைகளின் பல்லில் கறை தெரிந்தது. நானும் இன்னும் சிலரும் மனு கொடுத்தோம். வந்து பார்த்தவர்கள் கேட்ட கேள்வி ஒன்றுதான்: "முன்னால் இந்தத் தண்ணீர் எப்படி இருந்தது என்பதற்கு ஆதாரம் இருக்கிறதா?" எங்களிடம் இல்லை. அவர்களிடமும் இல்லை. தண்ணீர் முன்பே அப்படித்தான் இருந்திருக்கலாம், ஆலைதான் கெடுத்திருக்கலாம். இன்றுவரை எனக்குத் தெரியாது. அறிவியல் வாத்தியாராக இருந்தும் ஆலை வருமுன் ஒரு பாட்டில் தண்ணீரைச் சோதித்து வைக்கத் தோன்றவில்லையே என்ற உறுத்தல் மட்டும் போகவில்லை.

அனுமதிக்காக எடுக்கும் அளவீடு வேறு, ஊருக்காக எடுக்கும் அளவீடு வேறு. நம் நாட்டில் சுற்றுச்சூழல் அறிக்கைக்கு வழக்கமாக ஒரு பருவத்துத் தரவு போதும். எங்கள் கரைக்கு ஒரு பருவம் போதாது. ஆனி ஆடியில் கச்சான் காற்று நிலத்திலிருந்து கடலுக்கு அடிக்கும். தேரி மணலையே மேடு மேடாக நகர்த்தும் காற்று அது. அப்போது ராக்கெட் விட்டால் புகை கடலுக்குள் போய்விடும். ஐப்பசி கார்த்திகையில் வாடை. அது கடலிலிருந்து ஊருக்குள் வரும், மழையோடு வரும். அமில வாயு மழையில் கரைந்து இறங்க அதைவிடத் தோதான நேரம் கிடையாது. இடையில் கிழக்கிலிருந்து கொண்டல் அடிக்கும் நாட்கள் இருக்கின்றன. கோடையில் மதியத்துக்கு மேல் கடல்காற்று உண்டு. ஆகவே எந்த மாதம், எந்த நேரம், எந்தக் காற்றில் ஏவுகிறோம் என்பதைப் பொறுத்து அந்த 2 டன் போகும் திசை மாறும். கேப் கனாவெரலில் நச்சு மேகம் எந்தப் பக்கம் நகரும் என்று முன்கூட்டியே கணித்து, மக்கள் இருக்கும் பக்கம் என்றால் ஏவுதலைத் தள்ளிவைக்கும் நடைமுறை உண்டு. நீங்களும் காற்றைப் பார்த்துத்தான் ஏவுவீர்கள். குலசைக்கு வகுக்கும் காற்று விதியை எழுதி, ஊராட்சி அலுவலகத்தில் தமிழில் ஒட்டிவையுங்கள். மணப்பாட்டு மீனவருக்கு உங்களைவிட அந்தக் காற்று பழக்கம். விதியில் பிழை இருந்தால் அவர் சொல்லிவிடுவார்.

பதநீர் என்று மேலே எழுதியிருந்தேன். அது ஏன் பட்டியலில் என்று உங்களுக்குத் தோன்றியிருக்கும். பனை உச்சியில் பாளையைச் சீவிக் கலயத்தைக் கட்டிவிட்டு வந்தால், அது வாய் திறந்தபடி வானத்தின் கீழ் மணிக்கணக்கில் தொங்கும். வானத்திலிருந்து விழுவது எதுவோ அது கலயத்திலும் விழும். உட்புறம் சுண்ணாம்பு பூசியிருப்போம். சுண்ணாம்பு காரம், அமிலத்தை அது அடக்கிவிடும், சரி. ஆனால் அடக்கிய பிறகு உண்டாகும் உப்பு பதநீரில்தான் கிடக்கும். தூசியாக விழும் அலுமினியம் ஆக்சைடும் அதில்தான். ஏழெட்டு லிட்டர் பதநீரைக் காய்ச்சினால் ஒரு கிலோ கருப்பட்டி. அதாவது உள்ளே இருக்கும் எதுவும் ஏழெட்டு மடங்கு செறிவாகும். உடன்குடிக் கருப்பட்டி புவிசார் குறியீடு பெற்ற பொருள். அளந்து பார்த்து ஒன்றுமில்லை என்று தெரிந்தால் எனக்கு அதைவிட நிம்மதி வேறில்லை. ஏதோ ராக்கெட் தூசி கலந்திருக்கிறது என்று எங்கோ ஒருவர் கிளப்பிவிட்டால், எங்கள் பனையேறிகளிடம் காட்ட ஒரு தாள் இருக்கும். ஆகவே மாதிரி எடுக்கும் பட்டியலில் பத்துப் பனைமரங்களைத் தயவுசெய்து சேருங்கள்.

பெர்குளோரேட்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. ஒழுங்காக எரிந்தால் அது மிஞ்சாது. ராக்கெட் பழுதாகி எரியாத எரிபொருள் நிலத்திலோ கரையோரக் கடலிலோ விழுந்தால் மிஞ்சும். தண்ணீரில் சட்டென்று கரையும், எளிதில் சிதையாது. உடலுக்குள் போனால் தைராய்டு சுரப்பி அயோடினை எடுத்துக்கொள்வதைத் தடுக்கும். கேரளத்தில் ஆலுவா அருகே உங்கள் அம்மோனியம் பெர்குளோரேட் ஆலையைச் சுற்றியுள்ள கிணறுகளில் அது கலந்திருந்ததை மத்திய அரசின் சி.எஸ்.ஐ.ஆர். ஆய்வுக்கூடமே கண்டறிந்தது. அதை நீக்கும் வழிகளையும் அங்கே ஆராய்ந்தார்கள். அந்தப் பாடம் உங்கள் கையில் இருக்கிறது. தேரி மணல் மழையை அப்படியே குடித்துக் கீழே நல்ல தண்ணீராக வைத்திருக்கும் மணல். மேலே விழுந்தது எதுவானாலும் அதே வேகத்தில் கீழே போகும். குலசையைச் சுற்றியுள்ள குடிநீர்க் கிணறுகளில் பெர்குளோரேட் சோதனையை முதல் நாளிலிருந்தே வழக்கமாக்கிவிடுங்கள்.

இதுவரை தரை. இனி வானம். இதைப் பற்றித்தான் எனக்கு உறக்கம் கெடுகிறது.

அடுப்புப் புகையும் ஆலைப் புகையும் எவ்வளவு மோசமானாலும் சில நாட்களில், சில வாரங்களில் மழை அதைக் கழுவி இறக்கிவிடும். எங்கள் பகுதியில் பதினாறு பதினேழு கிலோமீட்டருக்கு மேலே மழை கிடையாது. அங்கே போன துகள் ஆண்டுக்கணக்கில் சுற்றிக்கொண்டிருக்கும். அந்த அடுக்குக்குள் மனிதன் நேரடியாகப் புகை விடுவது ராக்கெட்டின் வழியாகத்தான். லண்டன் யுனிவர்சிட்டி கல்லூரி ஆய்வாளர்கள் 2022-இல் வெளியிட்ட கணக்கின்படி, ராக்கெட் விடும் கரித்துகள், தரையிலும் விமானத்திலும் இருந்து வரும் அதே அளவு கரித்துகளைவிடச் சுமார் 500 மடங்கு அதிகமாக வெப்பத்தைப் பிடித்து வைக்கிறது. அதே ஆண்டு அமெரிக்காவின் கடல், வளிமண்டல ஆய்வு அமைப்பான நோவாவின் ஆய்வாளர்கள், அன்றைய நிலையில் ராக்கெட்டுகள் ஆண்டுக்குச் சுமார் 1,000 டன் கரித்துகள் விடுகின்றன என்றும், அது பத்து மடங்கானால் மேலடுக்கின் சில பகுதிகளில் வெப்பம் அரை டிகிரி முதல் 2 டிகிரி வரை உயரும் என்றும் காட்டினார்கள்.

ஆயிரம் டன் என்பது நெடுஞ்சாலை லாரிகளோடு ஒப்பிட்டால் தூசு. ஆனாலும் அது போய்ச் சேரும் இடம் அப்படிப்பட்டது. எடையை மட்டும் பார்த்தால் இந்தக் கதை புரியாது.

நம் ராக்கெட்டுகளுக்கு இன்னும் நெருக்கமான செய்தி குளோரின். 2025-இல் நியூசிலாந்தின் கேன்டர்பரி பல்கலைக்கழகத்தினரும் சுவிட்சர்லாந்து ஆய்வாளர்களும் சேர்ந்து வெளியிட்ட ஆய்வு, ஆண்டுக்கு 2,000 ஏவுதல் என்ற நிலை வந்தால் உலகச் சராசரி ஓசோன் கிட்டத்தட்ட 0.3 சதவீதம் குறையும், அண்டார்டிகாவின் மேல் சில மாதங்களில் 4 சதவீதம் வரை குறையும் என்கிறது. முக்கியக் காரணம் இரண்டு: கரித்துகள், குளோரின். குளோரின் வருவது திட எரிபொருளிலிருந்து. பி.எஸ்.எல்.வி.யின் முதல் அடுக்கு திடம். எல்.வி.எம்.-3-இன் இரு பக்கமும் பக்கத்துக்கு இருநூறு டன் திட எரிபொருள். எஸ்.எஸ்.எல்.வி.யின் மூன்று அடுக்குகளுமே திடம். 1987-இல் உலகம் கூடி மான்ட்ரியலில் போட்ட ஒப்பந்தத்தால் குளிர்சாதனப் பெட்டியின் குளோரினைக்கூட நிறுத்திவிட்டோம். ராக்கெட் குளோரின் அந்த ஒப்பந்தத்துக்குள் வரவில்லை. யாரும் கேட்காத இடத்தில் நாமே கணக்கு எழுதுவதுதான் மரியாதை என்று நினைக்கிறேன்.

உங்கள் பக்க வாதம் எனக்குத் தெரியும். 2024-இல் உலகம் முழுக்க 250-க்கு மேல் ராக்கெட் பறந்தது, இந்தியாவிலிருந்து போனது ஐந்து. ஓர் அமெரிக்க நிறுவனம் மட்டுமே 130-ஐத் தாண்டியது. அவர்களை விட்டுவிட்டு எங்களைக் கேட்பதா என்று நீங்கள் கேட்டால் அதில் நியாயம் உண்டு. அவர்களையும் கேட்கத்தான் வேண்டும். ஆனால் நாம் ஐந்தில் நிற்கப் போவதில்லை. குலசையில் மட்டும் ஆண்டுக்கு இருபதுக்கு மேல் என்று செய்தித்தாள்களில் வருகிறது. ஸ்ரீஹரிகோட்டாவில் மூன்றாவது ஏவுதளத்துக்கு 2025 ஜனவரியில் ஒப்புதல் கிடைத்தது. எஸ்.எஸ்.எல்.வி. செய்யும் நுட்பம் விமானம் செய்யும் அரசு நிறுவனமான எச்.ஏ.எல்.லுக்குப் போகிறது. தனியார் நிறுவனங்கள் வரிசையில் நிற்கின்றன. பழக்கம் இறுகுவதற்கு முன்பு, ஐந்தாக இருக்கும்போதே கணக்கெழுதத் தொடங்கினால் ஐம்பதாகும்போது அது சுமையாகத் தெரியாது.

இன்-ஸ்பேஸ் தலைவர் அவர்களே, இந்த இடம் உங்களுக்கானது. தனியார் ராக்கெட்டுக்கு அனுமதி தருவது நீங்கள். ஒவ்வொரு விண்ணப்பத்திலும், எந்த அடுக்கில் என்ன எரிபொருள் எத்தனை டன், அது எந்த உயரத்தில் எரியும், எவ்வளவு கரித்துகள், எவ்வளவு குளோரின், எவ்வளவு அலுமினியம் ஆக்சைடு என்று ஒரு பக்கம் கேளுங்கள். ஏவிய பிறகு அந்தப் பக்கத்தை வெளியிடுங்கள். வணிக ரகசியம் எதுவும் அதில் போகாது. அமெரிக்காவில் ஏவுதலுக்கு உரிமம் தரும் அமைப்பு சுற்றுச்சூழல் மதிப்பீட்டை வெளியிட்டு மக்கள் கருத்தும் கேட்கிறது. விண்வெளிக்கென்று தனிச் சட்டம் வரப்போவதாகச் சொல்கிறார்கள். அதில் இதற்கு ஒரு பிரிவு இருக்கட்டும்.

எரிபொருள் மாற்றத்தைப் பற்றி ஒரு கருத்து. மகேந்திரகிரியில் மண்ணெண்ணெயும் திரவ ஆக்சிஜனும் எரிக்கும் புதிய எஞ்சினைச் சோதித்து வருகிறீர்கள். இப்போதுள்ள ராக்கெட்டுகளின் விகாஸ் எஞ்சினில் ஊற்றும் ஹைட்ரசீன் வகைத் திரவம் எவ்வளவு நச்சு என்பது அங்கே வேலை பார்க்கும் எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்கே தெரியும். அது போவது பெரிய நன்மை. ஆனால் அதைப் "பசுமை எரிபொருள்" என்று மட்டும் சொல்லி நிறுத்தும்போது எனக்கு மனம் ஒப்பவில்லை. தரையில் நின்று பார்த்தால் மண்ணெண்ணெய் பசுமை. மேலடுக்கிலிருந்து பார்த்தால் கரித்துகள் விடுவது அதுதான். உங்கள் புதிய எஞ்சின் ஆக்சிஜன் மிகுந்த முறையில் முன்னெரிப்பு செய்வதால் கரி குறைவாகத்தான் வரும் என்று நம்புகிறேன். எவ்வளவு குறைவு என்பதை அளந்து சொன்னால் அது உங்களுக்கே பெருமை. அடுத்த தலைமுறை ராக்கெட்டுக்கு மீத்தேன் என்று முடிவெடுத்திருக்கிறீர்கள். கரித்துகள் பார்வையில் நல்ல முடிவு. மீத்தேன் கசிந்தால் அதுவே வெப்ப வாயு என்பதால் கிடங்கிலும் நிரப்பும் குழாயிலும் கசிவைக் கணக்கில் வையுங்கள். சிறிய ராக்கெட்டுக்கு மட்டும் திட எரிபொருளிலிருந்து வெளியே வரும் வழி எதுவும் உங்கள் திட்டங்களில் என் கண்ணுக்குப் படவில்லை. குலசைக்கு அதுதான் முக்கியம். சென்னையில் அக்னிகுல் என்ற தனியார் நிறுவனத்துப் பையன்கள் மண்ணெண்ணெய் வகை எரிபொருளில் சிறிய ராக்கெட் செய்து 2024 மே மாதம் ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து பறக்கவிட்டே காட்டினார்கள். ஆகவே முடியாத காரியம் இல்லை.

2030-க்குள் இந்திய விண்பயணங்கள் குப்பையில்லாமல் நடக்கும் என்று 2024-இல் அறிவித்தீர்கள். மற்ற நாடுகள் தயங்கும்போது நீங்கள் முன்னால் வந்தது பெருமையாக இருந்தது. ஆனால் குப்பையை எப்படி அகற்றுகிறோம்? வளிமண்டலத்துக்குள் இறக்கி எரிய விடுகிறோம். 250 கிலோ செயற்கைக்கோள் ஒன்று அப்படி எரிந்தால் சுமார் 30 கிலோ அலுமினியம் ஆக்சைடு நுண்துகள் மிஞ்சும் என்று 2024-இல் ஓர் ஆய்வு சொன்னது. அதற்கு முந்தைய ஆண்டு, விமானத்தில் பறந்து மேலடுக்குத் துகள்களைப் பிடித்துப் பார்த்தவர்கள், கந்தக அமிலத் துகள்களில் பத்தில் ஒன்றுக்குள் செயற்கைக்கோளிலிருந்தும் ராக்கெட்டிலிருந்தும் வந்த உலோகம் இருப்பதைக் கண்டார்கள். பாதையில் கிடக்கும் குப்பை காற்றுக் குப்பையாக மாறுகிறது. இதற்கு இன்று நல்ல மாற்று இல்லை என்பதும் தெரியும். அந்த 2030 அறிவிப்போடு காற்றுக் கணக்கையும் சேர்த்துக்கொள்ளுங்கள் என்றுதான் கேட்கிறேன்.

இவ்வளவும் கேட்கும் தைரியம் எனக்கு எங்கிருந்து வந்தது தெரியுமா? உங்களால் முடியும் என்பதால்தான். நாடு முழுக்கக் கரித்துகளை ஆண்டுக்கணக்கில் அளந்து வைத்திருப்பவர்கள் திருவனந்தபுரத்தில் உங்கள் விண்வெளி இயற்பியல் ஆய்வகத்தார். திருப்பதிக்கு அருகே காடங்கியில் மேலடுக்குத் துகளை லேசரால் பார்க்கும் கருவி இருப்பது உங்கள் துறையின் ஆய்வகத்தில். ஹைதராபாத்திலிருந்து நாசாவும் நீங்களும் சேர்ந்து பலூன் விட்டு, பருவமழைக் காலத்துத் துகள் அடுக்கை அளந்தீர்கள். இந்த மூன்று இடத்தாரையும் ஒரு முறை குலசைப் புகையின் பக்கம் திருப்புங்கள். திட எரிபொருள் ராக்கெட்டின் தடம் வெப்பமண்டல வானத்தில் என்ன செய்கிறது என்று நேரடியாக அளந்த தரவு உலகத்துக்கே உதவும்.

1963 நவம்பர் 21 அன்று திருவனந்தபுரம் அருகே தும்பாவிலிருந்து பறந்த முதல் ராக்கெட் செயற்கைக்கோள் எதையும் சுமந்து போகவில்லை. மேல்காற்று எப்படி இருக்கிறது என்று தெரிந்துகொள்ளப் போனது. அதற்கு இடம் கொடுத்தவர்கள் மீனவ மக்கள். தங்கள் தேவாலயத்தையே கொடுத்தார்கள். நம் நாட்டு ராக்கெட் வரலாறே காற்றை அளப்பதில்தான் தொடங்கியிருக்கிறது.

கடலைப் பற்றிச் சுருக்கமாக. ஏவும் நாளில் கடலுக்குப் போக வேண்டாம் என்பார்கள், அது புரிகிறது. ஆண்டுக்கு இருபது நாள் என்றால் நாட்டுப்படகுக்காரருக்கு அது இருபது நாள் கூலி. தள்ளிப்போகும் ஏவுதல்களைச் சேர்த்தால் இன்னும் கூடும். அந்த இழப்பு ஏவுதல் செலவின் ஒரு பகுதியாக இருக்க வேண்டும். 2023 ஜூலையில் ஆஸ்திரேலியக் கடற்கரையில் பி.எஸ்.எல்.வி.யின் ஒரு பாகம் ஒதுங்கியது செய்தியானது. எங்கள் வலையில் ஏதாவது சிக்கினால் யாரிடம் சொல்வது, தொடலாமா என்று ஒரு தொலைபேசி எண்ணும் தமிழில் ஒரு துண்டறிக்கையும் கொடுங்கள்.

கடைசியாக ஒன்று. ஓய்வு பெறுவதற்கு முந்தைய ஆண்டு என் வகுப்புப் பிள்ளைகளும் நானும் வாடை மழைநீரைப் பிடித்து, அமிலத்தன்மையை நிறத்தில் காட்டும் பி.எச். தாள் தோய்த்துப் பார்த்து ஒரு நோட்டில் எழுதி வைத்தோம். 41 நாள் பதிவு. நிறம் பார்த்துச் சொன்ன எண்கள்தான், ஆய்வகத் தரம் கிடையாது. சில நாள் எழுதியவன் விடுப்பில் இருந்திருக்கிறான். இருந்தாலும் அதன் நகலை இந்த மடலோடு அனுப்புகிறேன். உங்கள் ஆட்கள் முறையாகத் தொடங்கும்போது எந்தப் பள்ளிக்கூடங்களில் மழைமானி வைக்கலாம், எந்தக் கிணறுகளில் ஆண்டு முழுக்கத் தண்ணீர் இருக்கும் என்று காட்ட என்னோடு வர நான்கைந்து ஆசிரியர்கள் ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். பதநீர்ப் பருவம் மாசிக் கடைசியில் தொடங்கும். அதற்கு முன் யாரையாவது அனுப்பினால் பத்து மரங்களையும் அவற்றில் ஏறுபவர்களையும் நானே கூட்டிப் போய்க் காட்டுகிறேன்.

இப்படிக்கு,
உடன்குடிப் பக்கத்திலிருந்து
ஓய்வுபெற்ற அறிவியல் ஆசிரியர் ஒருவர்